இறங்கி ஏறும் உரிமை

சுட்டுக்கொண்டே துப்பாக்கி சேர்க்கும் லூட் ஷூட்டர் கேம்களை ஆடுகிறவர்கள் நடுவே ஒரு கருத்து வேரூன்றிப் போயிருக்கிறது. மோடு என்கிற ஒரு கடின நிலையிலிருந்து அடுத்த மோடுக்கு ஏறிவிட்டால் திரும்பிப் பார்க்கக் கூடாதாம். கடினமான மோடில் திணறும்போது சுலபமான மோடுக்கு இறங்கி ஆடுகிறவர் ஆட்டத்தை ஏமாற்றுகிறாராம். அங்கே கிடைத்த துப்பாக்கிக்கு மரியாதை கிடையாதாம். மேலே ஏறியவர் கீழே இறங்க முடியாதபடி நிறுவனங்களே பூட்டுப் போட்டுவிட வேண்டும் என்று கேட்கிறவர்களும் உண்டு. முன்வைத்த காலைப் பின்வைக்காதே என்று போர்க்களத்துக்குச் சொன்னதை, வேலை முடிந்து வந்து ஆடும் விளையாட்டுக்கும் சட்டமாக்கப் பார்க்கிறார்கள்.

இந்தக் கருத்து தவறானது. இதைச் சொல்கிறவர்கள் ஆடும் கேம்களின் உள்கணக்கே இதற்கு எதிராக நிற்கிறது. அந்தக் கேம்களைச் செய்தவர்கள் கடந்த பத்துப் பதினைந்து ஆண்டுகளில் நடந்துவந்த பாதையும் எதிராகவே நிற்கிறது. லூட் ஷூட்டரில் மோடு என்பது ஆடுகிறவர் கையில் இருக்கவேண்டிய கருவி. எந்தத் துப்பாக்கியை எடுப்பது, எந்தத் திறனில் புள்ளி போடுவது என்பதைப்போல, எந்த மோடில் இன்றைக்கு ஆடுவது என்று தீர்மானிப்பதும் ஆட்டத்தின் ஒரு பகுதி. அந்தத் தீர்மானத்தைப் பறிப்பது ஆட்டத்தைக் குறைப்பதாகும்.

பேச்சு பொத்தாம்பொதுவாகப் போய்விடாமல் இருக்க, பலரும் ஆடிய ஒரு கேமை எடுத்துக்கொள்வோம். பார்டர்லேண்ட்ஸ் 2, கியர்பாக்ஸ் நிறுவனம் செய்தது, 2012 செப்டம்பரில் வெளிவந்தது. எதிரியைச் சுட்டால் துப்பாக்கி விழும். வெள்ளை, பச்சை, நீலம், ஊதா, ஆரஞ்சு என்று நிறத்தை வைத்தே அதன் அருமை தெரியும். ஆரஞ்சு என்றால் லெஜண்டரி. முதல் மோடான 'நார்மல்' மோடில் கதையை ஒருமுறை முடித்தால் 'ட்ரூ வால்ட் ஹன்ட்டர்' மோடு திறக்கும். அதையும் முடித்து 50-ஆம் லெவலைத் தொட்டவருக்கு 'அல்டிமேட் வால்ட் ஹன்ட்டர்' மோடு. இது 2013 ஏப்ரலில் பின்னால் சேர்க்கப்பட்டது. மூன்று மோடிலும் அதே ஆள், அதே பை, அதே பணம். கதை எதுவரை நகர்ந்திருக்கிறது என்பது மட்டும் ஒவ்வொரு மோடுக்கும் தனித்தனி. முதல் பக்கத்துக்கு வெளியே வந்து வேண்டிய மோடைத் தேர்ந்தெடுத்து உள்ளே போகலாம். இந்த வசதி கேமிலேயே எல்லோர் கண்ணுக்கும் தெரியும்படி வைக்கப்பட்டது. யாரோ கண்டுபிடித்த ஓட்டை என்று இதைச் சொல்ல முடியாது.

குறுக்குவழி என்ற குற்றச்சாட்டு

முதல் குற்றச்சாட்டு, கீழே இறங்குவது குறுக்குவழி என்பது. பார்டர்லேண்ட்ஸ் 2-இல் இது கணக்கிலேயே நிற்காது. அந்தக் கேமில் ஒரு லெவல் ஏறினால் துப்பாக்கியின் அடி ஏறக்குறைய 13 சதவீதம் கூடும். எதிரியின் உயிரும் அதே விகிதத்தில் கூடும். பார்க்கச் சின்ன எண். ஆனால் இது கூட்டுவட்டி போலப் பெருகுகிறது. 11 லெவல் தாண்டினால் அடி கிட்டத்தட்ட நான்கு மடங்காகிவிடும். நார்மல் மோடில் கதை முடியும் இடத்தில் எதிரிகள் 30-ஆம் லெவலை ஒட்டி இருப்பார்கள். 72-ஆம் லெவலில் இருக்கும் ஒருவர் அங்கே போய் ஒரு லெஜண்டரியை எடுத்தாலும், அவர் லெவலில் விழும் அதே துப்பாக்கி அதைவிட ஏறத்தாழ 170 மடங்கு பலமாக அடிக்கும். கீழே எடுத்ததை மேலே கொண்டுவந்து சுட்டால் எதிரியின் உயிர்க்கோடு அசையக்கூடச் செய்யாது. குறுக்குவழி என்று எதைச் சொல்கிறார்கள்?

பிறகு ஏன் இறங்குகிறார்கள்? காரணங்கள் எளிமையானவை. முதல் தடவை அவசரத்தில் விட்டுப்போன கிளைக்கதைகளை முடிக்க இறங்குகிறார்கள். பொறுக்காமல் விட்ட எக்கோ என்ற குரல்பதிவுகளைத் தேடிக் கேட்க இறங்குகிறார்கள். உடையும் தலையும் மாற்றிக்கொள்ளும் அலங்காரப் பொருள்களுக்கு லெவலே கிடையாது, அவற்றுக்காக இறங்குகிறார்கள். திறன்மரத்தில் புள்ளிகளை மாற்றிப் போட்டுவிட்டு, புதிய பில்டு கைக்குப் பழகும்வரை இரண்டு மூன்று சண்டை போட்டுப் பார்க்க இறங்குகிறார்கள். புதிதாகச் சேர்ந்த நண்பருக்குத் துணை போக இறங்குகிறார்கள். இதில் எதுவும் யாரையும் ஏமாற்றுவதில்லை.

இறங்கினால் உண்மையிலேயே ஆதாயம் இருக்கும் கேம்களும் உண்டு. அதையும் மறைக்காமல் பேசிவிடுவோம். 2019-இல் வந்த பார்டர்லேண்ட்ஸ் 3-இல் 'மேஹெம்' என்ற படிகள் இருக்கின்றன. 2020 ஏப்ரலில் அவை பத்துப் படிகளாக விரிக்கப்பட்டன. மேல் படியில் விழும் துப்பாக்கிக்கு அடி கூடுதல். ஆனால் கிளாஸ் மாடு, ஆர்ட்டிஃபாக்ட் போன்ற அணிபொருள்களுக்கு அந்தப் படிக்கணக்கு கிடையாது. மேலே விழுவதும் கீழே விழுவதும் ஒன்றுதான். ஆகவே விவரம் தெரிந்தவர்கள் கிளாஸ் மாடு தேடும்போது படியைக் குறைத்துக்கொண்டு, பாஸை வேகமாக முடித்து, திரும்பத் திரும்பப் போவார்கள். துப்பாக்கி தேடும்போது படியை ஏற்றிக்கொள்வார்கள். இதைத்தான் ஏமாற்று என்கிறார்கள். எனக்கு இது ஆட்டத்தின் விதிகளைப் படித்துப் புரிந்துகொண்டதன் பலனாகத்தான் தெரிகிறது. எந்தப் பொருளுக்கு எந்தப் படி முக்கியம் என்று அறிவதற்கு அந்தக் கேமை ஊன்றி ஆடியிருக்க வேண்டும்.

உழைத்து வாங்கியது எது?

இதற்கு மறுமொழியாக, 'உழைத்து வாங்கியதுதான் உன்னுடையது' என்ற வாதம் வரும். கேட்க நியாயமாக இருக்கிறது. லூட் கேமில் அதைப் பொருத்திப் பார்த்தால் நிலைக்கவில்லை. இங்கே பரிசைத் தீர்மானிப்பது பெரும்பாலும் வாய்ப்பு. ஒரு பாஸிடம் ஒரு குறிப்பிட்ட கேடயம் விழ பத்தில் ஒரு வாய்ப்பு என்று வைத்துக்கொள்வோம். பத்துப் பேரில் ஒருவருக்கு முதல் தடவையிலேயே விழுந்துவிடும். இருபது தடவை கொன்ற பிறகும் எட்டில் ஒருவருக்கு விழாது. முதல் தடவையில் எடுத்தவர் கடினமான மோடில் ஆடியவராகவும், இருபது தடவை கொன்றவர் சுலபமான மோடில் ஆடியவராகவும் இருக்கட்டும். உழைத்தவர் யார்? மூன்று மணி நேரம் அதே குகைக்குள் போய்ப்போய் வந்தவரா, ஐந்து நிமிடத்தில் எடுத்துக்கொண்டு கிளம்பியவரா? பகடை உருட்டித் தரும் பரிசுக்கு உழைப்பின் மதிப்பெண் போட முடியாது. அதைப் போட்டுக்கொண்டு ஒருவர் மற்றவரைத் தாழ்த்துவது எந்த வகையிலும் நியாயமாகாது.

இரண்டாவது வாதம் இதைவிட ஆழமானது. மேல் மோடில்தான் உண்மையான திறமை தெரியும், கீழே இறங்குகிறவருக்கு அது இல்லை என்பது. சில கேம்களில் இது ஓரளவு சரி. லூட் ஷூட்டர்களில் மேல் மோடு என்ன செய்கிறது என்று கிட்டத்தில் போய்ப் பார்ப்போம்.

அல்டிமேட் மோடில் எதிரிகளின் உயிர் பல மடங்காகிறது. சுடுவதை நிறுத்தினால் அவர்கள் உயிர் தானாக ஏறத் தொடங்கும். இதற்கு ஈடாக ஸ்லாக் என்ற ஊதா நிறக் கசிவுக்கு வலு கூட்டியிருக்கிறார்கள். முந்தைய மோடுகளில் ஸ்லாக் பட்ட எதிரிக்கு மற்றத் துப்பாக்கிகளின் அடி இரட்டிப்பாகும், அல்டிமேட்டில் மும்மடங்காகும். இதனால் சண்டை எப்படி ஆகிறது? ஒரு லோடர் ரோபோ எதிரே வருகிறது. முதலில் ஸ்லாக் பிஸ்டலை எடுத்து இரண்டு குண்டு போட வேண்டும். உடல் ஊதா நிறமாகிறதா என்று பார்க்க வேண்டும். பொத்தானை அழுத்தித் துப்பாக்கி மாற்ற வேண்டும். மாறும்வரை காத்திருக்க வேண்டும். உலோகத்தைக் கரைக்கும் கரோசிவ் துப்பாக்கி கைக்கு வந்ததும் கண்ணில் குறிவைத்துச் சுட வேண்டும். பாதியில் ஊதா நிறம் மங்கினால் மறுபடியும் பிஸ்டல், மறுபடியும் மாற்றம், மறுபடியும் கரோசிவ். அடுத்த ரோபோ வந்தாலும் இதே வரிசை. அதற்கடுத்ததற்கும் இதே வரிசை.

இதில் லாவகம் இல்லை என்று நான் சொல்லவில்லை. இந்த மாற்றத்தைக் கண்ணை மூடித் திறக்கும் நேரத்தில் செய்துமுடிக்கிறவர்களைப் பார்த்து வியந்திருக்கிறேன். அதை ரசித்து ஆடுகிறவர்கள் தாராளமாக ஆடட்டும். ஆனால் அங்கே கேம் அகலவில்லை, ஒடுங்குகிறது. எண்ணற்ற துப்பாக்கிகளைப் பாகம் பாகமாகக் கோத்து உருவாக்கித் தருவதுதான் பார்டர்லேண்ட்ஸின் பெருமை. அல்டிமேட் மோடில் அவற்றில் மிகப் பெரும்பாலானவை பயனற்றுப் போகின்றன. எல்லோர் முதுகிலும் அதே நாலைந்து லெஜண்டரிகள். நார்மல் மோடில் ஒரு நீல நிறத் துப்பாக்கியை, அதன் சத்தம் பிடித்திருக்கிறது என்பதற்காகவே வைத்துக்கொண்டு கேமை முடிக்கலாம். மேலே அதற்கு இடமில்லை. அப்படியிருக்க, விதவிதமான துப்பாக்கிகளை ஆசைப்பட்டுச் சுட்டுப் பார்க்கக் கீழே இறங்குகிறவர், அந்தக் கேமைச் செய்தவர்கள் பார்த்துப் பார்த்துச் செய்து வைத்ததை முழுதாக அனுபவிக்கிறார். அவருக்குத் திறமையில்லை என்று எந்த அளவுகோலை வைத்துச் சொல்வது?

கடினம் இரண்டு வகை. எதிரி புத்திசாலியாவது ஒன்று: பக்கவாட்டில் சுற்றி வருவான், ஒளிந்துகொள்வான், கூட்டாளியைக் காப்பாற்றுவான். எண்கள் பெருத்துப்போவது இன்னொன்று: அதே எதிரி, அதே நடை, உயிர் மட்டும் நான்கு மடங்கு. முதல் வகை ஆடுகிறவரின் மூளையைக் கேட்கிறது. இரண்டாவது வகை அவருடைய நேரத்தையும் பையில் இருக்கும் துப்பாக்கியின் எண்ணையும்தான் கேட்கிறது. லூட் ஷூட்டர்களின் மேல் மோடுகளில் பெருமளவு இரண்டாவது வகைதான். அதில் நின்று பிடிப்பதைத் திறமைக்கான ஒரே சான்றிதழாக்கி, இறங்குகிறவரைக் கோழை என்பது பெரிய அநியாயம்.

செய்தவர்களே திறந்த கதவு

மூன்றாவது வாதம் வடிவமைப்பாளர்களின் பெயரால் வருகிறது. அவர்கள் ஒரு சமநிலையை வைத்துச் செய்திருக்கிறார்கள், மோடை இஷ்டத்துக்கு மாற்றினால் அந்தச் சமநிலை குலைந்துவிடும் என்கிறார்கள். இதற்கு வரலாறே பதில் சொல்கிறது.

2012 மே மாதம் டயாப்லோ 3 வெளிவந்தபோது நார்மல், நைட்மேர், ஹெல், இன்ஃபெர்னோ என்று நான்கு படிகள். ஒன்றை முடித்தால்தான் அடுத்தது. அது வாளும் மந்திரமும் உள்ள கேம் என்றாலும், இன்றைய லூட் ஷூட்டர்களின் தாய்வீடு டயாப்லோ வரிசைதான் என்பதால் இங்கே பேச வேண்டியிருக்கிறது. இன்ஃபெர்னோவில் போய் முட்டியவர்களுக்கு அடுத்து என்ன செய்வதென்று வழி தெரியவில்லை. தங்கள் கையால் எடுத்த ஆயுதம் போதாமல், கேமுக்குள்ளேயே இருந்த ஏலக்கடையில் போய் வாங்கினார்கள். சண்டை போட்டு எடுப்பதுதான் கேம் என்றிருந்தது, விலை கொடுத்து வாங்குவதாக மாறியது. 2014 பிப்ரவரியில் வந்த 2.0.1 பேட்ச்சில் பிளிசார்ட் நிறுவனம் அந்த ஏணியையே எடுத்துப்போட்டது. எதிரிகள் ஆடுகிறவரின் லெவலுக்கு ஏற்ப வருவார்கள். நார்மலா, ஹார்டா, எக்ஸ்பர்ட்டா, மாஸ்டரா, டார்மென்ட்டா என்பதை ஆடுகிறவர் தேர்ந்துகொள்ளலாம் என்றாக்கியது. அடுத்த மாதமே ஏலக்கடையையும் மூடியது. பூட்டிய ஏணி சமநிலையைக் காப்பாற்றும் என்றால், அதைச் செய்தவர்கள் ஏன் அதைக் கைவிட வேண்டும்?

இந்தப் பாதையில் பிறகு பலர் நடந்தார்கள். 2020 ஜூலையில் வார்ஃப்ரேம் கேமில் 'ஸ்டீல் பாத்' வந்தது. எதிரிகள் நூறு லெவல் கூடுதலாக வருவார்கள். ஆனால் வரைபடத்தில் ஒரு பொத்தானைத் தட்டினால் பழைய நிலைக்கு வந்துவிடலாம்; மறுபடி தட்டினால் ஸ்டீல் பாத். 2021 ஏப்ரலில் போலந்து நாட்டு பீப்பிள் கேன் ஃப்ளை நிறுவனத்தின் அவுட்ரைடர்ஸ் வந்தது. அதில் பதினைந்து உலகப் படிகள். ஏற ஏற லூட்டின் தரம் கூடும். எந்த நேரத்திலும் படியைக் குறைத்துக்கொள்ளலாம். கியர்பாக்ஸே செய்து 2022 மார்ச்சில் வெளிவந்த டைனி டீனாஸ் வொண்டர்லேண்ட்ஸில், கதையை இரண்டாம் முறை கட்டாயமாக ஆடும் பழைய முறையே இல்லாமல் போனது. பார்டர்லேண்ட்ஸ் 3-இன் மேஹெம் படிகளிலும் கண்டபடி சேர்த்த விசித்திர விதிகள் ஆடுகிறவர்களைச் சலிப்படையச் செய்தபோது, 2020 நவம்பரில் அந்த விதிகளே இல்லாத 11-ஆம் படி ஒன்றைச் சேர்த்தார்கள். வடிவமைப்பாளர்களின் மனதை அறிந்தவர்கள்போலப் பேசுகிறவர்கள், அந்த வடிவமைப்பாளர்கள் செய்ததையும் பார்க்க வேண்டும். அவர்கள் கதவைத் திறந்துகொண்டே வந்திருக்கிறார்கள்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். 2005-இல் வந்த ரெசிடென்ட் ஈவில் 4 காலத்தால் அழியாத கேம் என்று கொண்டாடப்படுகிறது. அது ஆடுகிறவரைக் கேட்காமலே கடினத்தை மாற்றுகிற கேம். திரும்பத் திரும்பச் செத்தால் எதிரிகள் கொஞ்சம் தணிந்து வருவார்கள். நன்றாக ஆடினால் கடுமையாவார்கள். அதை ஆடி முடித்தவர்களை யாரும் ஏமாற்றுக்காரர்கள் என்று சொன்னதில்லை. கேம் ரகசியமாகக் குறைத்தால் அது நல்ல வடிவமைப்பு. ஆடுகிறவர் தெரிந்தே குறைத்துக்கொண்டால் அது கோழைத்தனம் என்பது என்ன நியாயம்? 2006-இல் தெற்கு கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தில் ஜெனோவா சென் என்ற வடிவமைப்பாளர் தன் ஆய்வேட்டில் இதைத்தான் எடுத்துக்கொண்டார். மிஹாய் சீக்சென்ட்மிஹாயி என்ற உளவியலாளர் சொன்ன, ஒரு செயலில் நம்மை மறந்து லயித்துப்போகும் நிலையை கேமில் கொண்டுவருவது எப்படி என்பது அவர் கேள்வி. சலிப்புக்கும் பதற்றத்துக்கும் நடுவே இருக்கும் அந்த இடம் ஆளுக்கு ஆள் மாறும். ஆகவே கடினத்தைத் தேர்ந்துகொள்ளும் வாய்ப்பை ஆட்டத்துக்குள்ளேயே ஆடுகிறவரிடம் கொடுங்கள் என்பது அவர் வந்து சேர்ந்த இடம். ஒரே ஆளுக்கே அந்த இடம் நாளுக்கு நாள் மாறும் என்பதையும் நான் சேர்த்துக்கொள்வேன். ஞாயிற்றுக்கிழமை காலையில் தாங்கக்கூடிய கடினம் வேறு. பத்து மணி நேரம் வேலை பார்த்துவிட்டு வந்த இரவில் தாங்கக்கூடியது வேறு.

சேர்ந்து ஆடும்போது

நான்காவது வாதம் கூட்டாக ஆடுவதைப் பற்றியது. பெரிய லெவல்காரர் கீழ் மோடுக்கு வந்தால் புதியவர்களின் ஆட்டம் கெடும் என்பது. இதில் உண்மை இருக்கிறது. பார்டர்லேண்ட்ஸ் 2-இல் விழும் லூட் எல்லோருக்கும் பொது; யார் முதலில் எடுக்கிறாரோ அவருக்கு. லெவல் கூடிய ஒருவர் உள்ளே வந்து, புதியவர் குறி வைப்பதற்குள் எல்லா எதிரிகளையும் ஒரே குண்டில் சாய்த்துவிட்டுப் போனால், புதியவருக்கு வேடிக்கை பார்ப்பதுதான் மிச்சம். இது தவறான நடத்தை, சந்தேகமில்லை.

ஆனால் அந்தத் தவறுக்கு மருந்து பூட்டு இல்லை. பார்டர்லேண்ட்ஸ் 3 அதற்கான மருந்தைக் காட்டிவிட்டது. அதில் 'கோஆபரேஷன்' என்ற முறையைத் தேர்ந்தெடுத்தால் ஒவ்வொருவருக்கும் எதிரி அவரவர் லெவலில் இருப்பான். லூட்டும் அவரவருக்குத் தனியாக விழும். பழைய முறையே வேண்டும் என்கிறவர்களுக்கு 'கோஆபெட்டிஷன்' இருக்கிறது. அறுபதாம் லெவல் அக்காவும் ஆறாம் லெவல் தம்பியும் ஒரே சண்டையில், இருவருக்கும் சரிசமமான கஷ்டத்தோடு நிற்க முடிகிறது. பூட்டுப் போட்டிருந்தால் அக்கா மேலே தனியாகவும் தம்பி கீழே தனியாகவும் ஆடிக்கொண்டிருப்பார்கள். கூட்டாக ஆடுவதற்காகவே செய்த கேமில் அதைவிடப் பெரிய தோல்வி ஏது?

எதிர்த்தரப்பு சொல்வதில் ஏற்கத்தக்க இடங்களும் உண்டு. போட்டி என்று வரும்போது எல்லோருக்கும் ஒரே விதி வேண்டும். தரவரிசைப் பட்டியல் உள்ள இடத்தில், இன்ன மோடில் எடுத்த நேரம் இது என்று தெளிவாக இருக்க வேண்டும். செத்தால் ஆளே அழிந்துபோகும் ஹார்டுகோர் முறையை விரும்பித் தேர்ந்துகொண்டவர் பாதியில் அதைத் தளர்த்தினால் அதற்கு அர்த்தமில்லை. அங்கேயெல்லாம் பூட்டு இருக்கட்டும். எப்போதும் கீழேயே தங்கிவிட்டால் ஆட்டம் உப்புச்சப்பில்லாமல் போகும் என்பதும் உண்மை. எளிதில் கிடைத்துக்கொண்டே இருப்பது விரைவில் சலித்துவிடும். ஆனால் சலிப்பு வந்தவுடன் அவரே ஏறுவார்; யாரும் பிடித்துத் தள்ள வேண்டியதில்லை. சரளி வரிசையை மூன்று காலத்திலும் பாடத் தெரிந்த வித்வான், அதிகாலைச் சாதகத்தில் முதல் காலத்துக்கு இறங்கி ஒவ்வொரு ஸ்வரத்தையும் நிறுத்திப் பிடிக்கிறார். மூன்றாம் காலம் வராததால் அவர் அங்கே இறங்கவில்லை. மூன்றாம் காலம் சுத்தமாக நிற்க வேண்டும் என்பதற்காக இறங்குகிறார். மோடு மாற்றி ஆடுவதும் அப்படிப்பட்டதுதான்.

பூட்டுப் போடச் சொல்கிறவர்கள் யாரை வெளியே தள்ளுகிறார்கள் என்பதையும் யோசிக்க வேண்டும். கை நடுக்கம் உள்ளவர், ஒரு கையால் மட்டும் ஆடுகிறவர், பார்வை குறைந்தவர், அறுபது வயதுக்கு மேல் பேரப்பிள்ளைகளோடு ஆட உட்கார்ந்தவர் எல்லோரும் இந்தக் கேம்களை விலை கொடுத்துத்தான் வாங்குகிறார்கள். 2018-இல் மைக்ரோசாஃப்ட் உடற்குறை உள்ளவர்களுக்கென்று எக்ஸ்பாக்ஸ் அடாப்டிவ் கன்ட்ரோலரைக் கொண்டுவந்தது. அதே ஆண்டில், மிகக் கடினமான கேம் என்று பெயர் வாங்கிய செலஸ்ட், 'அசிஸ்ட் மோடு' ஒன்றைத் தந்தது. அதில் ஆட்டத்தின் வேகத்தையே குறைத்துக்கொள்ளலாம். அதனால் செலஸ்டின் பெயர் கெடவில்லை. அதன் கடினத்தை விரும்புகிறவர்கள் இன்றும் அதை விரும்பி ஆடுகிறார்கள். பக்கத்து வீட்டுக்காரர் எந்த மோடில் ஆடுகிறார் என்பதால் நம் ஆட்டத்தில் ஒரு குண்டுகூடக் குறைவதில்லை.

கோபம் போகவேண்டிய இடம்

இத்தனை கோபமும் இறங்குகிறவர் மேல் கொட்டப்படுவதால், கொட்டப்பட வேண்டிய இடம் தப்பிவிடுகிறது. பார்டர்லேண்ட்ஸ் 2-இன் உச்ச லெவல் முதலில் 50. 2013 ஏப்ரலில் 61 ஆனது; அதே ஆண்டு செப்டம்பரில் 72; 2019 ஜூனில் 80. ஒவ்வொரு முறை உயர்த்தும்போதும், பல இரவுகள் விழித்துச் சேர்த்த துப்பாக்கிகள் பழைய இரும்பாகிப்போயின. பார்டர்லேண்ட்ஸ் 3-இல் 2020 ஏப்ரல் மாற்றத்துக்குப் பிறகும் இதே கதை. அதற்கு முன் சேர்த்த ஆயுதங்களோடு மேல் படிகளுக்குப் போனவர்கள் திகைத்து நின்றார்கள். ஆடுகிறவரின் உழைப்பை ஒரே நாளில் செல்லாக்காசாக்கியது இந்த எண் ஏற்றம்தான். உழைப்புக்கு மரியாதை வேண்டும் என்று கேட்கிறவர்கள் முதலில் இதைக் கேட்க வேண்டும். ஒரு மாலை நேரம் மோடைக் குறைத்து ஆடியவர் யாருடைய உழைப்பையும் அழிக்கவில்லை.

ஆகவே கேம் செய்கிறவர்களிடம் கேட்க வேண்டியவை வேறு. மோடை எப்போது மாற்றினாலும் கதையும் பையும் அப்படியே இருக்கட்டும். ஒவ்வொரு மோடும் எதை மாற்றுகிறது, எதிரியின் உயிரையா, அடியையா, லூட் விழும் வாய்ப்பையா என்பதை ஆடுகிறவர் கண்ணில் படும்படி எழுதி வையுங்கள். அதை யாரோ கணக்குப் போட்டுக் கண்டுபிடிக்கும் நிலை வேண்டாம். மேல் மோடு என்றால் எதிரியின் அறிவை உயர்த்துங்கள், எண்களை மட்டும் ஊதிப் பெருக்காதீர்கள். தனக்குப் பொருத்தமான மோடில் ஆடுகிறவருக்கே ஒரு மணி நேரத்தில் அதிகப் பயன் கிடைக்கும்படி பரிசை அமையுங்கள். அப்படி அமைத்தால் வேண்டாத இடத்தில் இறங்குவது தானாகக் குறையும். பூட்டுக்கு வேலையே இருக்காது.

ஆடுகிறவர்களிடம் கேட்டுக்கொள்வது ஒன்றுதான். உங்களோடு சேர்ந்து ஆட வருகிறவர் எந்த மோடிலிருந்து துப்பாக்கியை எடுத்து வந்தார் என்று விசாரிக்காதீர்கள். திணறும்போது கூச்சப்படாமல் இறங்குங்கள். கை பழகியதும் ஏறுங்கள். காசு கொடுத்து வாங்கிய கேமில் எந்தக் கதவு வழியாக உள்ளே போவது என்பதை முடிவு செய்ய வேண்டியவர் நீங்கள். அந்த உரிமையை யாருடைய ஏளனத்துக்கும் பயந்து விட்டுக்கொடுக்காதீர்கள்.